பத்மாவாக நடிக்க யாருக்கு வாய்ப்பு? ஐஸ்வர்யா ராஜேஷின் திரைப்பயணமும் வடசென்னைப் பெண்களின் மூடிய வாசலும்

தமிழ்த் திரையில் வடசென்னைக்கு ஒரு நிலைத்த முகம் உண்டு. அரிவாளும் கஞ்சாவும் சிறைச்சாலையும் சேர்ந்து வரைந்த முகம் அது. இராயபுரம், காசிமேடு, திருவொற்றியூர், எண்ணூர் என்று நீளும் துறைமுக, தொழிற்சாலைப் பகுதியில் பல இலட்சம் மக்கள் உழைத்து வாழ்கிறார்கள். அவர்களில் சரிபாதி பெண்கள். ஆனால், இப்பகுதியைக் களமாகக் கொண்ட திரைப்படங்களில் பெண் என்பவள் பெரும்பாலும் ரௌடியின் காதலியாகவோ, கொலையுண்டவனின் தாயாகவோதான் வந்துபோகிறாள். அந்தச் சிறிய இடத்தையும்கூட எந்த மண்ணில், எந்த நிறத்தில் பிறந்த பெண்ணுக்குத் திரைத்துறை வழங்குகிறது என்ற கேள்வி நம்மிடையே போதுமான அளவு விவாதிக்கப்படவில்லை.

இந்தக் கேள்வியை நடிகை ஐஸ்வர்யா ராஜேஷின் வாழ்வையும் பணியையும் முன்வைத்து ஆராய விரும்புகிறோம். 2018 அக்டோபரில் வெளியான வெற்றிமாறனின் ‘வட சென்னை’ படத்தில் பத்மாவாக நடித்தவர் அவர். அதற்கு மூன்றாண்டுகளுக்கு முன் மணிகண்டனின் ‘காக்கா முட்டை’யில் சென்னைக் குடிசைப்பகுதித் தாயாக நடித்தவரும் அவரே. சென்னையின் உழைக்கும் பெண்ணைத் திரையில் நம்பத்தகுந்தவளாக ஆக்கிய நடிகையர் என்று பட்டியலிட்டால் அவர் பெயரைத் தவிர்க்க இயலாது.

தொடங்குவதற்கு முன் ஒன்றைத் தெளிவுபடுத்திவிடுகிறோம். ஐஸ்வர்யா ராஜேஷைத் தலித் நடிகை என்று நாம் உரிமை கொண்டாடவில்லை; அவருடைய சாதி எது என்று தேடவுமில்லை. 2016 ஒலிம்பிக்கில் பி.வி. சிந்து வெள்ளிப் பதக்கம் வென்றபோது இந்தியர்கள் இணையத்தில் ஆர்வத்துடன் தேடியவற்றுள் அவருடைய சாதியும் ஒன்று. வென்ற பெண்ணின் சாதியைத் துழாவும் அந்த நோய் நமக்கு வேண்டாம். ஒரு பெண் திரைத்துறைக்குள் நுழையும்போது எந்தெந்த வாசலில் நிறுத்தப்படுகிறார், அவருக்குத் திறந்த வாசல் யாருக்குத் திறக்காமலே இருக்கிறது என்பதுதான் நம் அக்கறை.

225 ரூபாயிலிருந்து தொடங்கிய பயணம்

2020ஆம் ஆண்டில் டெட்எக்ஸ் மேடை ஒன்றில் ஐஸ்வர்யா ராஜேஷ் ஆற்றிய உரை பரவலான கவனம் பெற்றது. சென்னையில் ஹவுசிங் போர்டு குடியிருப்பில் வளர்ந்ததையும், எட்டு வயதில் தந்தையை இழந்ததையும் அவர் அதில் விவரித்தார். மூன்று அண்ணன்களில் இருவரை அடுத்தடுத்துப் பறிகொடுத்த குடும்பம் அது. தெலுங்கு மட்டுமே தெரிந்த தாய், மும்பைக்குச் சென்று குறைந்த விலையில் சேலைகள் வாங்கிவந்து சென்னையில் விற்றார், எல்.ஐ.சி. முகவராக அலைந்தார். பதினொன்றாம் வகுப்பு படிக்கும்போது பெசன்ட் நகரில் ஒரு சூப்பர் மார்க்கெட் வாசலில் நின்று சாக்லேட் சாஸை விளம்பரப்படுத்தியதுதான் ஐஸ்வர்யாவின் முதல் வேலை. அதற்குக் கிடைத்த கூலி 225 ரூபாய். பிறகு குழந்தைகளின் பிறந்தநாள் விழாக்களைத் தொகுத்து வழங்கினார்.

திரைக்கு அவர் வந்த வழி தொலைக்காட்சி வழிதான். சன் தொலைக்காட்சியின் ‘அசத்தப்போவது யாரு’ நிகழ்ச்சியில் தொகுப்பாளர். கலைஞர் தொலைக்காட்சியின் ‘மானாட மயிலாட’ மூன்றாம் பருவத்தில் வெற்றியாளர். தொடரில் நடிக்கப் போனபோது நாளொன்றுக்கு 1,500 ரூபாய்தான் ஊதியம், அதுவும் மாதத்தில் ஐந்தாறு நாள்களுக்குத்தான் வேலை என்பதை அவரே சொல்லியிருக்கிறார். மாதம் முழுவதும் வேலை என்ற உறுதி இல்லாத இடத்தில், நாள் ஊதியம் கேட்பதற்குப் பெரிதாகத் தெரிந்தாலும் குடும்பம் நடத்த அது போதாது. துறைமுக வாசலில் ஒப்பந்தக் கூலியாக நின்ற நம் தந்தையர்க்கு இந்தக் கணக்கை விளக்கவேண்டியதில்லை.

இன்னொரு பக்கத்தையும் மறைக்காமல் சொல்லவேண்டும். அவருடைய தந்தை ராஜேஷ், தாத்தா அமர்நாத் இருவரும் தெலுங்குத் திரையில் நடித்தவர்கள். அத்தை ஸ்ரீலட்சுமி புகழ்பெற்ற நகைச்சுவை நடிகை. வறுமை உண்மையானது, திரைத்துறையோடு இருந்த குடும்ப அறிமுகமும் உண்மையானது. அத்தகைய பின்புலம் கொண்ட ஒருவருக்கே இவ்வளவு தடைகள் இருந்தன என்றால், எந்த அறிமுகமும் இல்லாத எண்ணூர்ப் பெண்ணின் நிலை என்ன என்பதை நாம் ஊகிக்க முடியும்.

நிறம் என்னும் முதல் தடை

கதாநாயகிக்குரிய தோற்றம் இல்லை என்று சொல்லித் தன்னைத் திருப்பி அனுப்பியவர்களைப் பற்றி ஐஸ்வர்யா வெளிப்படையாகப் பேசியிருக்கிறார். கறுப்பு நிறம், எளிய உடை, தமிழ் பேசுவது ஆகியவையே அவரிடம் கண்டுபிடிக்கப்பட்ட குறைகள். தமிழ்ப்படத்தில் தமிழ் பேசுவது குறையாகக் கருதப்பட்ட விந்தையை என்னவென்பது!

2012இல் பா. இரஞ்சித்தின் ‘அட்டகத்தி’யில் அமுதாவாக ஒரு சிறு பாத்திரம் கிடைத்தது. 2014இல் ‘ரம்மி’, ‘பண்ணையாரும் பத்மினியும்’ வந்தன. 2015 ஜூனில் வெளியான ‘காக்கா முட்டை’தான் அவரை நிறுவியது. இரண்டு சிறுவர்களுக்குத் தாயாக நடிக்க, அப்போது இருபதுகளின் நடுவில் இருந்த அவர் ஒப்புக்கொண்டார். தமிழ்த் திரைத்துறையில் அம்மாவாக ஒருமுறை நடித்துவிட்ட பெண்ணுக்கு நாயகி வாய்ப்பு அரிதாகிவிடும். நாயகனுக்கு அப்படி ஒரு விதி கிடையாது. அந்தத் துணிவுக்குத் தமிழ்நாடு அரசின் 2014ஆம் ஆண்டுக்கான சிறந்த நடிகை விருது பரிசாகக் கிடைத்தது. படம் சிறந்த குழந்தைகள் படத்துக்கான தேசிய விருதைப் பெற்றது. இரு சிறுவர்களும் சிறந்த குழந்தை நட்சத்திரங்களுக்கான தேசிய விருதைப் பகிர்ந்துகொண்டார்கள். ஆயினும், பாராட்டுகள் வந்த அளவுக்கு வாய்ப்புகள் வரவில்லை என்பதையும் ஐஸ்வர்யா பதிவுசெய்திருக்கிறார்.

நிறத்தைப் பற்றிய இந்த வெறுப்பு வெறும் அழகியல் விருப்பம் அன்று. நம் சமூகத்தில் கறுப்பு என்பது வெயிலில் உழைப்பவரின் அடையாளமாக, ஆகவே தாழ்ந்தவரின் அடையாளமாகப் பார்க்கப்பட்டுவந்திருக்கிறது. சிவப்பழகுக் களிம்புகளின் சந்தை இந்த எண்ணத்தின் மேல்தான் எழுந்தது. கறுப்பு நிறத்தைத் தாழ்த்திக் காட்டும் விளம்பரங்களுக்கு எதிராக 2014இல் விளம்பரத் தர அமைப்பு நெறிமுறைகள் வகுத்தது. அமெரிக்காவில் ஜார்ஜ் ஃப்ளாய்ட் கொல்லப்பட்டு உலகெங்கும் போராட்டங்கள் எழுந்த 2020இல் ‘ஃபேர் அண்ட் லவ்லி’ தன் பெயரிலிருந்து ‘ஃபேர்’ என்ற சொல்லை நீக்கி ‘குளோ அண்ட் லவ்லி’ ஆனது. பெயர் மாறியது; தேர்வுக்கு வரும் பெண்ணின் நிறத்தை முதலில் பார்க்கும் கண்கள் மாறவில்லை. 2019இல் தொடங்கிய ‘பாரதி கண்ணம்மா’ போன்ற தொடரில் கறுப்பு நிறப் பெண் நாயகியாக வந்தாலும், அந்த நிறமே அவளுடைய துன்பக் கதையாக ஆக்கப்பட்டது. கறுப்பான பெண் மகிழ்ச்சியாக, இயல்பாக, நிறத்தைப் பற்றிய பேச்சே இல்லாமல் வாழும் தொடரைத் தேடித்தான் பார்க்கவேண்டும்.

ஆனால், நிறப் பாகுபாடும் சாதிப் பாகுபாடும் ஒன்றல்ல. கறுப்பாகப் பிறந்த ஆதிக்கச் சாதியினர் உண்டு. சிவப்பாகப் பிறந்த தலித்துகள் உண்டு. கறுப்பு நிற நடிகை ஒருவர் வென்றுவிட்டதால் சாதியின் வாசல் திறந்துவிட்டதாக மகிழ்வது பிழை. இவ்விரண்டும் ஒன்றையொன்று தாங்கி நிற்பவை என்பதே நாம் காணவேண்டிய உண்மை.

பத்மா எங்கிருந்து பேசினாள்?

‘வட சென்னை’யின் பத்மா, கடைகள் சூறையாடப்படும் கலவரத்தின் நடுவே நாயகன் அன்புவைச் சந்திக்கிறாள். கூச்சமின்றிப் பேசுகிறாள், வசைச்சொற்களையும் தயங்காமல் உதிர்க்கிறாள். அந்தப் பேச்சைத் திரையரங்கில் சிலர் கைதட்டி வரவேற்றார்கள். சிலர் முகம் சுளித்தார்கள். இரு தரப்பாருக்கும் அது ஒரு வேடிக்கைப் பொருளாகவே இருந்தது என்பதுதான் நம் வருத்தம். காசிமேட்டு ஏலத்தில் நின்று விலை பேசும் பெண்ணுக்கு உரத்த குரல் பிழைப்புக்கான கருவி. தாழ்ந்து பேசினால் கூடைக்கு மீன் வராது.

அந்தப் படத்தின் அரசியல் முதன்மையானது. சாலைத் திட்டத்தின் பெயரால் குப்பத்து மக்களை அப்புறப்படுத்த முயல்வதும், அதை எதிர்ப்பவர்கள் வீழ்த்தப்படுவதும் அதன் மையம். ஆண்ட்ரியா நடித்த சந்திராவின் பழிவாங்கல்தான் கதையின் அடிநாதம். பெண்களைக் கதையை நகர்த்துபவர்களாக ஆக்கியதை நாம் வரவேற்கிறோம். அதே வேளையில், படம் வெளியானதும் படகுக் காட்சி ஒன்று தங்களை இழிவுபடுத்துவதாக மீனவ மக்கள் எதிர்ப்புத் தெரிவித்ததையும், இயக்குநர் வருத்தம் தெரிவித்து அதை நீக்க முன்வந்ததையும் மறக்கக்கூடாது. ஒரு பகுதியின் வாழ்வைப் படமாக்கும்போது அந்தப் பகுதி மக்கள் பார்வையாளர்களாக மட்டும் அல்லாமல் எழுத்திலும் தேர்விலும் இடம்பெற்றிருந்தால், இத்தகைய முரண்கள் படப்பிடிப்புக்கு முன்பே பேசித் தீர்க்கப்பட்டிருக்கும்.

2014இல் வெளியான இரஞ்சித்தின் ‘மெட்ராஸ்’ வியாசர்பாடியை அரசியல் உணர்வு கொண்ட மக்களின் இடமாகக் காட்டியது. அதில் மேரியாக நடித்த ரித்விகாவுக்குச் சிறந்த துணை நடிகைக்கான ஃபிலிம்ஃபேர் விருது கிடைத்தது. நாயகி கலையரசியாக நடித்தவர் துபாயில் பிறந்து வளர்ந்த கேத்தரின் தெரசா. 2021இல் வந்த ‘சார்பட்டா பரம்பரை’யில் மாரியம்மாவாக நடித்த துஷாரா விஜயன் திண்டுக்கல்லிலிருந்து வந்தவர். இவர்களின் திறமையை நாம் குறைத்துப் பேசவில்லை. நடிப்பென்பதே தன்னுடையதல்லாத வாழ்வை வாழ்ந்து காட்டுவது. ஆனால், வடசென்னைப் பெண்ணாக நடிக்க எங்கிருந்தும் ஒருவர் வரலாம் என்கிற துறை, வடசென்னைப் பெண் எந்தப் பாத்திரத்திலும் நடிக்கலாம் என்று சொல்வதில்லை. எல்லா ஊர்களையும் நடித்துக்காட்டும் உரிமை ஒருவழிப் பாதையாக இருக்கிறது. சிக்கல் அங்குதான்.

வாசலில் நிறுத்தப்பட்டவர்களின் வரலாறு

இந்த ஒருவழிப் பாதைக்கு நெடிய வரலாறு இருக்கிறது. மலையாளத்தின் முதல் திரைப்படமாகக் கருதப்படும் ஜே.சி. டேனியலின் ‘விகதகுமாரன்’ மௌனப்படத்தில் நாயகியாக நடித்தவர் பி.கே. ரோசி. புலையர் சாதியில் பிறந்த அவர், படத்தில் நாயர் பெண்ணான சரோஜினியாக நடித்தார். ‘தீண்டத்தகாதவள்’ உயர்சாதிப் பெண்ணாகத் திரையில் தோன்றியதை ஆதிக்கச் சாதியினரால் பொறுக்க முடியவில்லை. திருவனந்தபுரத்தில் படம் திரையிடப்பட்டபோது ரோசி அரங்கிற்குள் அனுமதிக்கப்படவில்லை. திரை மீது கற்கள் பறந்தன. அவருடைய வீடு கொளுத்தப்பட்டது. லாரி ஒன்றில் ஏறித் தப்பிய அவர், நாகர்கோவிலில் ராஜம்மாள் என்ற பெயரில் எஞ்சிய வாழ்வைக் கழித்தார். மீண்டும் அவர் நடிக்கவேயில்லை. 2023 பிப்ரவரி 10 அன்று கூகுள் தன் முகப்பில் அவரைச் சிறப்பித்தது. தான் நடித்த ஒரே படத்தைத் தானே பார்க்க விடப்படாத பெண்ணுக்கு உலகம் செலுத்திய காலங்கடந்த மரியாதை அது.

அதே 2023இன் மார்ச் 30 அன்று சென்னை கோயம்பேட்டில் என்ன நடந்தது? ‘பத்து தல’ படத்துக்கு நுழைவுச்சீட்டோடு வந்த நரிக்குறவர் குடும்பத்தினர் திரையரங்கின் வாசலில் தடுக்கப்பட்டார்கள். காணொளி பரவிய பின்னரே அவர்கள் உள்ளே சென்றார்கள். குழந்தைகளின் வயதும் தணிக்கைச் சான்றிதழும் காரணமாகச் சொல்லப்பட்டன. அவ்வாண்டின் தொடக்கத்தில்தான் நரிக்குறவர் பழங்குடியினர் பட்டியலில் சேர்க்கப்பட்டிருந்தார்கள். ‘காக்கா முட்டை’யில் பீட்சாக் கடையின் வாசலில் அந்தச் சிறுவர்கள் நிறுத்தப்படுவதைப் பார்த்துக் கண்கலங்கிய அதே நகரத்தில் இது நடந்தது. அச்சிறுவர்கள் ரயில் பாதையில் சிந்திய நிலக்கரியைப் பொறுக்கிக் காசு சேர்த்தார்கள். புதுச் சட்டையும் அணிந்து சென்றார்கள். ஆனாலும் கையில் காசு இருப்பது போதவில்லை. திரையில் கண்டு இரங்கும் சமூகம் தெருவில் கண்டு விலகிப்போகிறது.

எண்ணூரிலிருந்து கோடம்பாக்கம் எவ்வளவு தொலைவு?

எண்ணூருக்கும் கோடம்பாக்கம், வடபழனி படப்பிடிப்புத் தளங்களுக்கும் இடையே இருபது கிலோமீட்டருக்கு மேல் இருக்கும். 2021 பிப்ரவரியில் விம்கோ நகர் வரை மெட்ரோ வந்துவிட்டது. பயணத் தொலைவு குறைந்திருக்கிறது. வாழ்வின் தொலைவு குறையவில்லை.

2023 டிசம்பரை நினைவுகூர்வோம். மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு மணலி எண்ணெய் ஆலைப் பகுதியிலிருந்து வெளியேறிய எண்ணெய் பக்கிங்காம் கால்வாய் வழியாகக் கொசஸ்தலையாற்றின் கழிமுகத்தை மூடியது. படகும் வலையும் வீடும் கறுத்தன. அந்த மாதமே, 26ஆம் தேதி நள்ளிரவு, பெரியகுப்பம் அருகே உரத் தொழிற்சாலையின் கடலடிக் குழாயிலிருந்து அம்மோனியா கசிந்தது. மக்கள் மூச்சுத்திணறித் தெருவுக்கு ஓடிவந்தார்கள். பலர் மருத்துவமனைகளில் சேர்க்கப்பட்டார்கள். ஆலையைத் திறக்கக்கூடாதென்று வாரக்கணக்கில் பந்தலில் அமர்ந்தவர்களில் பெண்களே மிகுதி. ஒலிபெருக்கி முன் நின்று ஆலையின் பெயரையும் அதிகாரிகளின் பொறுப்பையும் எடுத்துரைத்த அந்தப் பெண்களிடம் உள்ள மொழி வளமும் உடல்மொழியும் எந்த நடிப்புப் பள்ளியும் கற்றுத்தராதவை. ஆனால், இந்த மண்ணின் கதையை எழுத வருபவர்கள் பந்தலைக் கடந்து சிறைச்சாலைக்குத்தான் போகிறார்கள்.

இப்பகுதியிலிருந்து ஒரு பெண் நடிக்க விரும்பினால் அவருக்கு என்ன தேவைப்படும்? தேர்வுகளுக்கு அலைய ஊதியமில்லாத நாள்கள். நிழற்படத் தொகுப்புக்கும் உடைக்கும் பணம். சங்க உறுப்பினர் ஆவதற்கான கட்டணம். இரவில் பாதுகாப்பாகத் திரும்பும் வழி. எல்லாவற்றுக்கும் மேலாக, குடும்பத்தின் ஒப்புதல். கடைசியாகச் சொன்னது கிடைக்காததற்கும் காரணம் இருக்கிறது. 2024 ஆகஸ்டில் கேரள அரசு வெளியிட்ட நீதிபதி ஹேமா குழுவின் அறிக்கை, பாலியல் சுரண்டலோடு துணை நடிகையர்க்குக் கழிப்பறையும் உடைமாற்றும் இடமும்கூட இல்லாத நிலையை ஆவணப்படுத்தியது. நட்சத்திரங்களுக்கு கேரவன் இருக்கிறது. கூட்டத்தில் நிற்கும் பெண்ணுக்கு மறைவிடம் தேடவேண்டியிருக்கிறது. அந்தக் கூட்டத்தில் நிற்பவர்கள் எந்தக் குடியிருப்புகளிலிருந்து வருகிறார்கள் என்பதை நாம் அறிவோம்.

ஒருவரின் வெற்றியும் எல்லோருக்குமான உரிமையும்

‘காக்கா முட்டை’க்குப் பின் ஐஸ்வர்யா ராஜேஷ் ஓய்ந்துவிடவில்லை. 2018 டிசம்பரில் வந்த ‘கனா’வில் கிரிக்கெட் வீராங்கனையான உழவர் மகள் கௌசல்யா, 2020இல் ‘க/பெ ரணசிங்கம்’ படத்தில் வெளிநாட்டில் இறந்த கணவனின் உடலை மீட்க அரசு அலுவலகங்களின் படியேறும் அரியநாச்சி, 2023இல் ‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’ தமிழாக்கத்தில் அடுக்களையில் மூச்சுமுட்டும் மனைவி. நாயகனைச் சுற்றிவராத கதைகளைத் தேர்ந்தெடுத்துத் தன்னை முன்னிறுத்திக்கொண்டார். 2025 பொங்கலையொட்டி வெளியான ‘சங்கராந்திகி வஸ்துன்னாம்’ தெலுங்கில் மிகப் பெரிய வணிக வெற்றி பெற்றது. நாயகிக்குரிய தோற்றம் இல்லையென்று சொன்னவர்களுக்கு அவர் தந்த விடை அவருடைய படங்கள்.

அவருடைய உரையைப் பகிர்ந்த பலரும், முயன்றால் எவரும் வெல்லலாம் என்பதற்கு அவரைச் சான்றாக்கினார்கள். அந்த முடிவை நாம் ஏற்கவில்லை. சூப்பர் மார்க்கெட் வாசலில் நின்ற ஒரு பெண் நட்சத்திரமானது அவருடைய உழைப்பைக் காட்டுகிறது. அதே வாசலில் இன்றும் நின்றுகொண்டிருக்கும் மற்ற பெண்களின் உழைப்பு அதனினும் குறைந்ததென்று அது காட்டவில்லை. விதிவிலக்கைக் கொண்டாடி விதியை மறப்பது, சாதிய அமைப்புக்கு நாம் செய்யும் தொண்டாகிவிடும். அண்ணல் அம்பேத்கர் நமக்குக் கற்றுத்தந்தது தனியாள் மீட்சியை அன்று. உரிமைகளை நிறுவனங்களில் எழுதிவைப்பதை.

ஆகவே நம் கோரிக்கைகள் இவை. தரமணியிலுள்ள எம்.ஜி.ஆர். அரசு திரைப்பட, தொலைக்காட்சிப் பயிற்சி நிறுவனத்தில் இடஒதுக்கீடு உண்டு. ஆனால், அங்கிருந்து வெளிவருபவர்கள் நுழையவேண்டிய துறையில் அது கிடையாது. அரசு மானியமும் வரிச்சலுகையும் விருதும் பெறும் படங்கள், தங்கள் குழுவின் சமூகப் பரவலை வெளியிடவேண்டும் என்று விதி வகுக்கலாம். வடசென்னையில் நடிப்புக்கும் தொழில்நுட்பத்துக்கும் உதவித்தொகையுடன் கூடிய பயிற்சி மையம் ஒன்றை அரசு தொடங்கவேண்டும். 2013ஆம் ஆண்டின் பணியிடப் பாலியல் துன்புறுத்தல் தடுப்புச் சட்டத்தின்படியான உள்ளகக் குழுக்கள், திரைப்படம், தொலைக்காட்சித் தொடர் ஆகிய இரண்டின் படப்பிடிப்புகளிலும் கட்டாயம் இயங்கவேண்டும். கூட்டத்தில் நிற்கும் பெண்ணுக்கும் அக்குழுவிடம் முறையிடும் வழி இருக்கவேண்டும்.

கல்லூரி மாணவர்களுக்கும் ஒரு வேலை இருக்கிறது. திரைப்படக் கழகங்களில் படங்களைத் திரையிட்டுக் கலைவதோடு நிற்காதீர்கள். படத்தின் இறுதியில் ஓடும் பெயர்ப்பட்டியலை வாசியுங்கள்; வடசென்னையைப் பேசும் படத்தில் வடசென்னையிலிருந்து எத்தனை பேர், எந்தெந்தப் பொறுப்பில் இருந்தார்கள் என்று படைப்பாளிகளிடம் கேளுங்கள். கிடைக்கும் விடைகளைத் தொகுத்து வையுங்கள். எண்ணூரிலும் திருவொற்றியூரிலும் கைப்பேசியால் குறும்படம் எடுத்துக்கொண்டிருக்கும் பெண்கள் இருக்கிறார்கள். அவர்களின் படத்தை உங்கள் அரங்கில் முதலில் திரையிடுங்கள். அன்று ரோசிக்கு மறுக்கப்பட்ட முன்வரிசை இருக்கை அவர்களுக்கு உரியது.